அசலில் கழிக்கவும்

1

அன்று பேங்கில் இருந்தவர்கள்: அம்மா, தங்கை ரேவதி, கிளை மேனேஜர். இல்லாதவர்கள்: அப்பா, நான், என் மகள் யாழினி. அப்பா இறந்து ஆறு வருடமாகிறது. நானும் யாழினியும் ஹாம்பர்கில் எங்கள் சமையலறை மேசையில் உட்கார்ந்து, ரேவதி பிடித்திருந்த போன் எவ்வளவு காட்டியதோ அவ்வளவுக்கு மயிலாப்பூரில் இருந்தோம். பெரும்பாலும் மேனேஜரின் முழங்கையும் ஏசி மிஷினும்தான் தெரிந்தன.

அம்மா கல்யாணத்துக்குக் கட்டுகிற புடவையைக் கட்டிக்கொண்டு வந்திருந்தாள். "அந்தாளு இருந்திருந்தா இந்த ஏசி காத்துக்கு இந்நேரம் குறட்டை உட்டுகினு இருப்பாரு," என்று அப்பாவைப் பற்றி மேனேஜரிடம் சொன்னாள். சிரிக்கலாமா கூடாதா என்று தெரியாமல் அவர் கோப்பைத் திறந்தார்.

எங்கள் வீட்டுக் கடன் அன்றோடு முடிந்தது. மந்தைவெளியில், பழைய கட்டடம், இரண்டாவது மாடி, ஐந்நூற்று இருபது சதுர அடி. எட்டு வருடம் கட்டினோம்.

ஊரில் இருக்கும் நண்பர்கள் வீட்டுக் கடன் வாங்கப்போகிறேன் என்று எனக்குச் செய்தி அனுப்பும்போதெல்லாம் ஒரே கேள்வியைக் கேட்கிறார்கள்: "மாசம் எவ்ளோ வரும்?" அது பேங்க் நம்மைக் கேட்கவைக்கும் கேள்வி. நாம் கேட்க வேண்டியது, "கடைசியில் மொத்தம் எவ்வளவு?" அதற்கு எங்கள் வீட்டுக் கணக்கை முழுதாகச் சொல்கிறேன். கடன் வாங்காதே என்று பயமுறுத்துவதற்காக இல்லை. அப்படிச் சொல்கிறவர்கள் ஏற்கெனவே நிறையப் பேர் இருக்கிறார்கள். அவர்களில் பலருக்கு அப்பா கட்டிய வீடு இருக்கிறது.

2

எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தை முடித்து வெளியே வந்த முதல் ஆள் நான். அம்மா மந்தைவெளி மார்க்கெட் ஓரம் தள்ளுவண்டியில் காய்கறி விற்கிறாள். அப்பா பெயிண்டர். அபிராமபுரத்தில் பாதி ஃபிளாட்டுகளுக்கு வெள்ளையடித்தவர். ஒன்றிலும் ஓர் இரவு தூங்கியதில்லை. நாங்கள் இருந்தது அடையாற்றங்கரையில். நான் கல்லூரியில் இருந்தபோது எங்கள் வரிசை வீடுகளை எடுத்துவிட்டு, சாமான்களோடு எங்களை லாரியில் ஏற்றி, ஊருக்கு வெளியே ஓர் அடுக்குமாடியின் ஏழாவது மாடியில் இறக்கினார்கள். அம்மா அதற்குப் பிறகும் மந்தைவெளிக்கே வந்து வியாபாரம் செய்தாள். வாடிக்கை அங்கேதான் இருந்தது. கோயம்பேட்டில் சரக்கெடுத்து, மந்தைவெளியில் விற்று, இரண்டு பஸ் மாறி ஏழு மாடி ஏறும்போது அவள் கால் வீங்கியிருக்கும்.

எனக்கு ஹாம்பர்கில் வேலை கிடைத்தது. துறைமுகத்துக்கு வரும் கன்டெய்னர்களைக் கணக்கு வைக்கும் மென்பொருளைச் சோதிக்கிற வேலை. கையில் காசு வந்ததும் நான் வீடு வாங்க நினைக்கவில்லை. மந்தைவெளியிலேயே அம்மாவுக்கு ஒரு வாடகை வீடு, அவ்வளவுதான். ரேவதி அவளைக் கூட்டிக்கொண்டு போய் மூன்று வீடு பார்த்தாள். முதல் வீட்டில் என்ன சமைப்பீர்கள் என்று கேட்டுவிட்டு யோசித்தார்கள். இரண்டாவது வீட்டில் எங்கிருந்து வருகிறீர்கள் என்று கேட்டுவிட்டு யோசித்தார்கள். மூன்றாவது வீட்டுக்காரர் ஒன்றும் கேட்கவில்லை. அம்மாவின் கையைப் பார்த்தார். "அடுத்த வாரம் சொல்லியனுப்பறேன்," என்றார். டு-லெட் பலகை அதற்குப் பிறகு இரண்டு மாதம் அங்கேயே தொங்கியதை அம்மா வண்டியிலிருந்து தினமும் பார்த்தாள்.

"உட்ரு நைனா," என்றாள் போனில். "வாடகைக்கு குடுக்கறவன்தான் ஜாதி கேப்பான். விக்கறவனுக்கு துட்டுதான் ஜாதி. வாங்கிடலாம்."

விலை 58 லட்சம். என் சேமிப்பும் அப்பா அம்மாவின் சீட்டுப் பணமும் சேர்ந்து 18 லட்சம். பத்திரம், வக்கீல், புரோக்கர், பேங்க் கட்டணம் எல்லாம் சேர்த்து 5 லட்சம்; இதை ரேவதியின் நகையும் என் கம்பெனி முன்பணமும் சமாளித்தன. மீதி 40 லட்சம் கடன். நான் வெளிநாட்டில் இருப்பதால் எனக்குப் பதில் கையெழுத்துப் போட அம்மாவுக்கு அதிகாரப் பத்திரம் தர வேண்டும். ஊரில் அதற்கு 'பவர்' என்று பெயர். அதற்காகத் தூதரக அலுவலகத்துக்கு மூன்று முறை போனேன். ஒரு முறை போட்டோவின் பின்னணி போதிய வெள்ளையாக இல்லை. ஒரு முறை அம்மா பெயரில் ஓர் எழுத்து கூடுதலாக இருந்தது. மூன்றாவது முறை எல்லாம் சரியாக இருந்தது. அன்று அவர்களுக்கு விடுமுறை. அதனால் நாலாவது முறையும் போனேன். இங்கே இப்படி நடக்கும்போது, அம்மா அங்கே மார்க்கெட் முழுக்கச் சொல்லி வைத்திருந்தாள்: "எம் புள்ள எனக்கு பவர் குட்த்துகீறான். இனிமே எங்கிட்ட பேசறத பாத்து பேசுங்கடி."

குடிபோன முதல் வாரம். மாடிப்படியில் முதல் மாடி மாமி எதிரே வந்தார். அம்மாவின் கையில் பக்கெட்டும் துடைப்பமும். மாமி கேட்டார்: "நீ எந்த ஆத்துலேர்ந்து வரேம்மா?"

மாமி கேட்டது எந்த வீட்டில் வேலை என்று. அம்மாவுக்கு ஆறு என்றால் ஒரே ஆறுதான்.

"அடையாத்துலேர்ந்துதாம்மா," என்றாள் அம்மா. "ஆனா அத்த எடுத்துட்டாங்களே. உங்களுக்கு எப்பிடித் தெரியும்?"

ரேவதி இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள். மாமி கெட்டவர் இல்லை. அடுத்த மாதத்திலிருந்து அம்மாவிடம்தான் காய் வாங்கினார், கொத்தமல்லிக்கு மட்டும் பேரம் பேசாமல் இருந்ததில்லை. ஆனால் நான் முதல் தடவை கேட்டபோது சிரிக்கவில்லை.

3

இப்போது கணக்கு. 40 லட்சம், எட்டரை சதவீத வட்டி, இருபது வருடம். மாதத் தவணை 34,713 ரூபாய்.

முதல் தவணையைக் கட்டியதும் கடன் எவ்வளவு குறைந்திருக்கும்? அம்மாவிடம் கேட்டேன். வண்டிக்குச் சரக்கெடுக்க வாழ்நாளெல்லாம் தண்டல் வாங்கியவள் அவள். தண்டல் என்றால் பத்தாயிரம் கடனுக்கு வட்டியை முதலிலேயே பிடித்துக்கொண்டு எட்டரையாயிரம் கையில் தருவான்; தினமும் நூறு ரூபாய் வசூலிப்பான்; நூறாவது நாள் கடன் தீர்ந்துவிடும். அநியாய வட்டி. ஆனால் என்றைக்கு முடியும் என்பது கண்ணுக்குத் தெரியும்.

"முப்பத்தி நாலாயிரம் கட்னா முப்பத்தி நாலாயிரம் கொறையும். வேற இன்னா?"

குறைந்தது 6,380. மீதி 28,333 அந்த ஒரு மாதத்து வட்டி. தவணையில் முதலில் வட்டியை எடுத்துக்கொள்வார்கள்; மிஞ்சியதுதான் அசலில் கழியும். அசல் பெரிதாக இருக்கிற ஆரம்ப வருடங்களில் நாம் கட்டுவதில் பெரும் பங்கு வட்டிக்கே போகும். இதில் ஏமாற்று ஒன்றுமில்லை, ஒப்பந்தத்திலேயே இருக்கிறது. ஆனால் அதை யாரும் நமக்கு வாய்விட்டுச் சொல்வதில்லை. மூன்று வருடம் ஒரு தவணைகூடத் தவறாமல் கட்டினோம். கட்டியது பன்னிரண்டரை லட்சம். அசல் குறைந்தது இரண்டு லட்சத்து அறுபதாயிரம்.

மாதாமாதம் அம்மா கேட்பாள்: "இன்னும் எத்தினி மாசம்?" நான் ஒன்று ஒன்றாகக் குறைத்துச் சொல்லிக்கொண்டு வந்தேன். இருநூற்று முப்பது. இருநூற்று இருபது. அவள் அதை மாமியிடமும் சொல்வாள், பரீட்சைக்கு நாள் எண்ணுவதுபோல.

4

மூன்றாவது வருட முடிவில் பேங்கிலிருந்து ஒரு குறுஞ்செய்தி வந்தது. வட்டி விகிதம் மாறியிருக்கிறது என்றது. இணையதளத்தில் நுழைந்து பார்த்தேன். மீதமுள்ள தவணைகள்: 243.

கடனே 240 மாதத்துக்குத்தான். அதில் 36 கட்டியாகிவிட்டது. மீதி 243. பிறர் மென்பொருளில் பிழை கண்டுபிடித்துச் சம்பாதிக்கிறவன் நான். இது பிழை என்றே நம்பி போன் செய்தேன்.

"சார், உங்களுது ஃப்ளோட்டிங் ரேட்," என்றாள் எதிர்முனைப் பெண், குழந்தைக்குச் சொல்வதுபோல. "இப்ப ஒம்பதரை ஆயிடுச்சு. ஆனா பாருங்க, உங்க இ.எம்.ஐ. மாறவே இல்ல. உங்களுக்கு பாரமே தெரியாம டென்யூர்ல, அதாவது மாசக் கணக்குல, அட்ஜஸ்ட் பண்ணிட்டோம்."

பாரமே தெரியாமல். இந்த இரண்டு சொல்லை எல்லோரும் மனத்தில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். வட்டி ஏறும்போது தவணையை ஏற்றினால் நமக்கு உறைக்கும், சண்டைக்குப் போவோம். மாதங்களை ஏற்றினால் உறைக்காது. ஐம்பது வயதில் நாம் ஆகப்போகிற ஒருவன் தலையில் அது போய் உட்கார்ந்துகொள்ளும். அப்படியே விட்டிருந்தால் 40 லட்சத்துக்கு நாங்கள் பேங்குக்குக் கட்டி முடிப்பது ஏறக்குறைய 97 லட்சம்.

"சரி, நடுவுல மூணு லட்சம் தனியா கட்டினோமே, அது எங்கே?"

தட்டச்சு சத்தம். "அது அட்வான்ஸ்ல இருக்கு சார்."

"எந்த அட்வான்ஸ்?"

"கட்டினவங்க அட்வான்ஸ்னுதானே சொல்லியிருக்காங்க? வருங்காலத் தவணைக்கு முன்பணமா வெச்சிருக்கோம்."

என் போனஸும் சேமிப்பும் அது. கடனைக் குறைக்கத்தான் அம்மாவிடம் கட்டச் சொல்லி அனுப்பினேன். ஒன்றரை வருடமாக அது ஒரு மூலையில் சும்மா உட்கார்ந்திருந்தது. எங்களுக்கு வட்டி தரவில்லை, எங்கள் அசலையும் குறைக்கவில்லை. சுமார் முப்பத்தெட்டாயிரம் ரூபாய் நட்டம். அம்மாவுக்குப் போன் போட்டேன்.

"ஆமா, எதுக்கும்மா இந்தப் பணம்னு கேட்டா அந்தப் பொண்ணு. அட்வான்ஸுன்னேன். வூட்டுக்கு வேற இன்னாத்த குடுப்பாங்க?"

நமக்குத் தெரியும், சென்னையில் வீடு என்றால் முதலில் அட்வான்ஸ். பத்து மாத வாடகையை மொத்தமாக வீட்டுக்காரரிடம் கொடுப்போம். அது பத்திரமாக இருக்கும். காலி செய்யும்போது, சுண்ணாம்புக் காசு போக, திரும்பி வரும். அட்வான்ஸ் கொடுக்க முடிந்தவர்கள்தான் கௌரவமான குடித்தனக்காரர்கள். ஆற்றங்கரையில் இருந்தவளுக்கு அந்தச் சொல் மேல் எவ்வளவு ஆசை இருந்திருக்கும். மூன்று வீட்டுக்காரர்கள் அவளிடம் வாங்க மறுத்த அட்வான்ஸை, அவள் பேங்க் கவுன்டரில் பெருமையாக நீட்டியிருக்கிறாள்.

அவளுக்கு நான் சொன்னது ஒன்றுதான். "இனிமே எவ்ளோ கட்டினாலும் வாயத் தொறந்து சொல்லு: அசல்ல கழிக்கவும். எழுதி வாங்கிக்கோ."

"தண்டல்காரன்கூட கட்டக் கட்ட கொறைப்பான்டா," என்றாள். "இவன் இன்னாடா கட்டக் கட்ட ஏத்தறான்?"

5

அந்த வாரம் எல்லோரும் ஒரே பதிலைச் சொன்னார்கள்: வித்துவிடு.

ஶ்ரீராம் என் அலுவலக நண்பன், ஆழ்வார்பேட்டைக்காரன், நல்லவன். மதிய இடைவேளையில் மடிக்கணினியைத் திருப்பிக் காட்டினான். எக்ஸெல் தாளில் வண்ணம் வண்ணமாகக் கட்டங்கள்.

"மச்சி, உணர்ச்சிவசப்படாத. மந்தைவெளியில இந்த சைஸுக்கு வாடகை பதினாறாயிரம். நீ கட்டறது முப்பத்தஞ்சு. மீதியை மாசாமாசம் முதலீடு பண்ணு. இருபது வருஷத்துல உங்கிட்ட இதே மாதிரி ரெண்டு வீடு வாங்கக் காசிருக்கும்."

கணக்கில் குற்றமில்லை. ஒவ்வொரு கட்டமாகச் சரிபார்த்தேன். வேலை அதுதானே.

"ஒரு கட்டம் விட்டுப்போச்சுடா," என்றேன். "அந்தப் பதினாறாயிரத்த யார் வாங்கிப்பா? எங்கம்மாவுக்கு யார் வீடு குடுப்பா?"

"என்னடா பேசற, எந்தக் காலத்துல இருக்க? எங்க பில்டிங்லயே மேல காலியாத்தான் இருக்கு. அப்பாகிட்ட கேக்கறேன்."

கேட்டான். நான்கைந்து நாள் என்னோடு சாப்பிட வரவில்லை. அப்புறம் வந்து, தட்டைப் பார்த்துக்கொண்டே, "இப்போதைக்கு யாருக்கும் விடறதா இல்லியாம் மச்சி," என்றான். எக்ஸெல் பற்றி அவன் பிறகு பேசவில்லை. நானும் அவனைக் குத்திக்காட்டவில்லை. அவன் முகமே போதுமாக இருந்தது.

ரேவதிக்குப் பதில் சொல்வதுதான் கஷ்டமாக இருந்தது. "ஃபிளாட் இருக்கு. நீ எங்கண்ணா இருக்க?" என்றாள். "அப்பா போனப்பவே நீ மறுநாள்தான் வந்த. இதக் கட்டி முடிக்கிற வரைக்கும் இன்னும் எதுக்கெல்லாம் மறுநாள் வருவ?"

"அம்மாகிட்டயே கேட்டுடலாம்," என்றேன்.

கேட்டோம். அவள் ஃபிளாட் சுவரைப் பார்த்தாள். அது அப்பா அடித்த வண்ணம். வாழ்நாளில் அவர் கூலி வாங்காமல் அடித்த ஒரே வீடு. ஆனால் அவள் அதைச் சொல்லவில்லை.

"வித்தா எங்க போறது? மறுபடி ஏழு மாடியா? ஒரு வாட்டி லாரில ஏத்துனாங்க, ஏறுனேன். இந்த வாட்டி லாரிய நானே கூப்புடணுமா?" என்றாள். பிறகு, "எவ்ளோ கூட கட்னா சீக்கிரம் முடியும், அத்த சொல்லு."

கணக்குப் போட்டேன். அட்வான்ஸில் கிடந்த மூன்று லட்சத்தை அசலுக்கு மாற்றி, தவணையை 45,000 ஆக்கி, வருடம் மூன்று லட்சம் தனியாக அசலில் கட்டினால், கடைசியில் மிஞ்சும் இரண்டரை லட்சத்தையும் சேர்த்து ஐந்து வருடத்தில் முடியும். 243 மாதம் 60 ஆகும். அந்த நாற்பத்தைந்தில் ஐந்தாயிரம் தன்னுடையது என்று அம்மா அடம்பிடித்தாள். வண்டிக் காசு.

6

அந்த ஐந்து வருடம் எப்படிப் போனது என்பதற்குக் கதை ஒன்றும் இல்லை. சைக்கிளில் வேலைக்குப் போனேன். மனைவி கவிதா முதியோர் இல்லத்தில் வார இறுதி ஷிஃப்டும் வாங்கிக்கொண்டாள். மூன்று பேருக்குச் சென்னை போய்வர ஆகும் டிக்கெட் காசு, ஏறக்குறைய ஒரு வருடத்து அசல் கட்டணம். ஒவ்வொரு கோடையிலும் இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுத்தோம். ஒரே ஒரு முறை டிக்கெட்டைத் தேர்ந்தெடுத்தோம். அந்த வருடத்து மூன்று லட்சத்துக்குக் கவிதாவின் வளையல் போனது.

இங்கே எனக்கு அப்பா பெயர்தான் குடும்பப் பெயர். அலுவலகத்திலும் வங்கியிலும் மருத்துவமனையிலும் "திரு. கோவிந்தன்" என்றுதான் கூப்பிடுகிறார்கள். ஊரில் அவரை யாரும் திரு போட்டுக் கூப்பிட்டதில்லை. "யோவ் பெயிண்டர்" தான். முதலில் திருத்திக்கொண்டிருந்தேன், கோவிந்தன் என் அப்பா என்று. அவர் போன பிறகு திருத்துவதை நிறுத்திவிட்டேன்.

யாழினிக்கு ஆறு வயது. தமிழ் புரியும், பதில் ஜெர்மனில் வரும். பள்ளியில் பாட்டி வீட்டை வரையச் சொன்னார்கள். ஒரு கட்டடம் வரைந்து, வாசலில் பெரிய பூட்டு வரைந்திருந்தாள்.

"இது என்னடா கண்ணு?"

"பேங்க் வீடு," என்றாள், தமிழில்.

எங்கள் வீட்டில் மந்தைவெளி என்ற பேச்சு வந்தாலே கூடவே பேங்க் என்ற சொல்லும் வந்திருக்கிறது. அவளுக்கு அது ஒரே சொல். அந்தப் படத்தைக் குளிர்பெட்டியின் கதவில் ஒட்டினேன். கழற்றவில்லை. எனக்குக் கோபம் வரும்போதெல்லாம் அதைப் பார்த்துக்கொள்வேன், யார் மேல் கோபம் என்று சொல்லத் தெரியாவிட்டாலும்.

அங்கே அம்மாவுக்கு பேங்கில் பட்டப்பெயர் வந்துவிட்டது. வரிசையில் நிற்கும்போதே சத்தமாகச் சொல்வாளாம்: "அசல்ல கழிக்கவும்! அட்வான்ஸு கெடியாது!" கவுன்டர் பெண்கள் அவளை 'அசல் அம்மா' என்றார்கள். ஒருநாள் புதிதாக வந்த ஒருவன், "ஏம்மா இவ்ளோ அவசரம், மெதுவா கட்டுங்களேன், இருபது வருஷம் இருக்கே," என்றானாம்.

"உனுக்கு இருபது வருசம் கீது நைனா," என்றாளாம் அம்மா. "எனுக்கு கீதா?"

7

மேனேஜர் கோப்பிலிருந்து பத்திரத்தை எடுத்து மேசைமேல் வைத்தார். எட்டு வருடமாக பேங்கின் இரும்பறையில் இருந்தது. ரேவதி போனை அதன் பக்கம் திருப்பினாள்.

அம்மா அதைத் தொடவில்லை. "இது ஜெராக்ஸா?"

"இல்லம்மா. அசல். அசல் பத்திரம்."

"அசலா," என்றாள். இன்னொரு முறை சொன்னாள். "அசலு." ஐந்து வருடம் அவள் கழிக்கச் சொல்லிக் கத்திய சொல் முழுதாக அவள் முன்னால் கிடந்தது. பக்கம் பக்கமாகத் திருப்பினாள். படிக்கத் தெரியாது, தன் போட்டோவையும் கைநாட்டையும் தேடிக் கண்டுபிடித்து அங்கே நிறுத்திக்கொண்டாள்.

கடன் தீர்ந்ததற்கான ரசீதைப் பதிவு அலுவலகத்திலும் பதிய வேண்டும், வில்லங்கச் சான்றில் ஏறவேண்டும் என்றார் மேனேஜர். நீங்களும் மறந்துவிடாதீர்கள். பேங்க் கை கழுவினாலும், சர்க்கார் ஏட்டில் அந்த வரி ஏறும்வரை வீட்டின் மேல் கடன் இருப்பதாகத்தான் காட்டும்.

"மொத்தம் இன்னாடா ஆச்சி?" அம்மா போனைப் பார்த்துக் கேட்டாள். "ஒவ்வொரு வாட்டியும் அப்புறம் சொல்றேன்னே சொல்லிகினு இருந்தே. இப்ப சொல்லு."

சொன்னேன். 58 லட்சம் வீட்டுக்குக் கையிலிருந்து போட்டது 18 லட்சம், பத்திரச் செலவு 5 லட்சம், பேங்குக்குக் கட்டியது 60 லட்சத்துச் சொச்சம். சொச்சத்தையும் சொல்லச் சொன்னாள். கூட்டி, கடைசி ரூபாய் வரை சொன்னேன். வாடிக்கையாளர் வாங்கிய எட்டு காய்க்கும் மனத்திலேயே கூட்டுகிறவள், உதட்டை அசைத்து அதை ஒரு முறை சொல்லிப் பார்த்துக்கொண்டாள்.

கவிதாவின் வளையல், ரேவதியின் கேள்வி, யாழினியின் பூட்டு எதையும் நான் அதில் சேர்க்கவில்லை. அவற்றுக்கு வட்டி எத்தனை சதவீதம் என்று எனக்குத் தெரியாது. ஆனால் ஒன்று தெரியும். இதே கணக்கை இன்று முதலிலிருந்து என் முன்னால் வைத்தாலும் கையெழுத்துப் போடுவேன். இந்த முறை 'அட்வான்ஸ்' என்ற சொல்லை மட்டும் அடித்துவிட்டு.

போனை அணைக்காமலேயே வீட்டுக்குப் போனார்கள். ஆட்டோ சத்தம், பிறகு படிக்கட்டு. அம்மா பத்திரத்தை நெஞ்சோடு அணைத்தபடி ஏறுவது ரேவதியின் தோளுக்கு மேல் தெரிந்தது. முதல் மாடியில் கதவு திறந்தது.

"என்னம்மா, பட்டுப் புடவையெல்லாம்? யாராத்துல விசேஷம்?" மாமியின் குரல்.

"எங்க ஆத்துலதான் மாமி," என்றாள் அம்மா. "கடன் முடிஞ்சிச்சி."

"பேஷ்! எவ்ளோம்மா ஆச்சு எல்லாம் சேர்த்து?"

அம்மா படியில் நின்று திரும்பினாள். மார்க்கெட்டில் விலை கூவுகிற குரலில், மூன்று மாடிக்கும் கேட்கிற மாதிரி சொன்னாள்:

"எம்பத்தி மூணு லட்சத்தி ரெண்டாயிரத்தி எரநூத்தி ஒம்போது ரூபா!"